மேடை வேண்டாம் என்றாள் தர்ஷினி

கல்யாணத்தில் சாப்பாட்டுக்காகச் சண்டை வரும், பத்திரிகையில் பெயர் விட்டுப்போனதற்காகச் சண்டை வரும். ஆனால் முதல் சண்டை எப்போதும் இடத்துக்காகத்தான். குளுவாங்கில் நான் அலங்காரக் கடை வைத்திருந்த காலம் முழுக்க இதைப் பார்த்தேன். கடைப் பலகையில் 'மணவறை அலங்காரம்' என்றுதான் எழுதி வைத்திருந்தேன். பிள்ளைகள் என்னை வெடிங் பிளானர் என்று கூப்பிட ஆரம்பித்த பிறகு, மண்டபம் பிடிப்பது, கேட்டரிங் பேசுவது, கோபித்துக்கொண்ட மாமாவைச் சமாதானப்படுத்துவது எல்லாம் என் தலையில் வந்து விழுந்தன. நான் ஞாயிறு தவறாமல் சர்ச்சில் பூசைக்குப் போகிறவள். அப்படியிருந்தும் என் ஆயுளில் பாதி, மணவறைக்குக் குத்துவிளக்கு துடைத்து வைப்பதில்தான் போயிருக்கிறது.

முட்டி தேய்ந்ததும் கடையை மருமகள் கையில் கொடுத்துவிட்டேன். இப்போது இந்தத் தொழிலுக்கு வரும் பிள்ளைகள் போனில் படத்தைக் காட்டி, இந்த பேக்டிராப்பை எப்படிக் கட்டுவது ஆண்டி என்று கேட்கிறார்கள். பேக்டிராப்பை யாரும் கட்டிவிடலாம். வீட்டு ஆட்கள் சொல்வதற்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று கண்டுபிடிப்பதுதான் கஷ்டம். அதற்காகத்தான் தர்ஷினியின் கல்யாணத்தை எழுதுகிறேன். இன்றைக்கும் அதை நினைத்தால் எனக்கு மனசு சரியில்லாமல் போய்விடும்.

மூவாரில் ஒரு புல்வெளி

தர்ஷினி பக்கத்து ஊரான ரெங்கத்துப் பெண். சிங்கப்பூரில் ஒரு மருத்துவமனையில் நர்ஸ். ஜொகூர் பாருவில் அறை எடுத்துத் தங்கி, விடிவதற்கு முன்னே எல்லைப் பாலத்தைத் தாண்டி வேலைக்குப் போகிறவள். மாப்பிள்ளை பிரகாஷ் மூவார்க்காரன், மேசை நாற்காலி செய்யும் தொழிற்சாலையில் சூப்பர்வைசர். இரண்டு பேரும் ஒரு ஞாயிற்றுக்கிழமை கடைக்கு வந்தார்கள். என்ன வேண்டும் என்பதில் தெளிவாக இருந்தார்கள், அது எனக்குப் பிடித்தது.

பிரகாஷ் போனை நீட்டினான். மூவார் ஆற்றை ஒட்டிய ஒரு பழைய பெரிய வீடு. சொந்தக்காரர்கள் கோலாலம்பூருக்குப் போய்விட்டதால், வீட்டையும் முன்னால் இருக்கும் புல்வெளியையும் விழாக்களுக்கு வாடகைக்கு விடுகிறார்கள். நானே அங்கே ஒரு பிறந்தநாளுக்குப் பலூன் கட்டியிருக்கிறேன். அழகான இடம்தான்.

"இங்க கெமா போட்டுக்கலாம் ஆண்டி. பூ, கலர் எல்லாம் உங்க இஷ்டம். எனக்கு ஒண்ணே ஒண்ணுதான்," என்றாள் தர்ஷினி. "மேடை வேணாம்."

கெமா என்று நாங்கள் சொல்வது கூடாரத்தை. கூடாரத்துக்குள்ளும் பலகை அடித்து ஒரு மேடை போட்டுத்தான் மணவறை வைப்போம்.

"மேடை இல்லாம எப்படிம்மா? பின்னால உக்காந்திருக்கிறவங்களுக்கு வீடியோக்காரன் முதுகுதான் தெரியும்," என்றேன்.

"தெரியட்டும் ஆண்டி."

"சின்னதா ஒரு பலகை?"

"அதுவும் வேணாம். தரையோட தரையா இருக்கணும்."

பிரகாஷ் சிரித்தான். "விட்டுடுங்க ஆண்டி. இதுல மட்டும் அவ மாறவே மாட்டா."

சிங்கப்பூரில் யாருடைய கல்யாணத்திலோ பார்த்துவிட்டு வந்த ஃபேஷன் என்றுதான் நான் நினைத்தேன். தரையோடு தரை என்று எழுதிக்கொண்டு அனுப்பிவிட்டேன்.

அடுத்த வாரமே தர்ஷினியின் பெரியப்பா வந்துவிட்டார். அவள் அப்பாவின் அண்ணன், பெயர் மாரிமுத்து. ரெங்கம் பக்கத்துத் தோட்டத்தில் கணக்குக் கிராணியாக இருந்து ஓய்வு பெற்றவர், ஊர்க் கோயிலுக்குத் தலைவர். தர்ஷினி ஆறாம் ஆண்டு படிக்கும்போது அவள் அப்பா வேலை செய்த இடத்திலேயே மாரடைப்பில் போய்விட்டார். அன்றிலிருந்து அந்த வீட்டுக்கு அரிசியிலிருந்து பள்ளிக்கூடச் சப்பாத்து வரை பார்த்துப் பார்த்துச் செய்தவர் இந்தப் பெரியப்பாதான். அவருக்குப் பேச உரிமை இருந்தது. நன்றாகவே பேசினார்.

"ஆத்தங்கரையில கொண்டுபோய் வைக்கிறதுக்கு நாங்க என்ன கருமாதியா பண்றோம்?" என்றார், உட்காராமலே.

"அண்ணே, ஆறு அது பாட்டுக்கு ஓடுது. கல்யாணம் புல்லுலதான்."

"நீங்க சர்ச்சுக்காரங்க, உங்களுக்குத் தெரியாது. எங்க ஆளுங்க ஆத்தங்கரைக்குப் போனா தலை முழுகிட்டு வர்றதுக்குத்தான் போவாங்க."

மணவறை கட்ட மட்டும் சர்ச்சுக்காரி வேண்டும், வாய் திறக்கக் கூடாதா என்று நாக்கு நுனிவரை வந்துவிட்டது. விழுங்கிக்கொண்டு பக்கத்துக் கடையில் தே தாரிக் டீ சொன்னேன். பாதி கிளாஸ் காலியானதும் அவர் குரல் இறங்கியது.

"கோயில் பக்கத்துல மண்டபம் இருக்குல்ல, அந்த மேடையை யாரு கட்டுனான்னு நெனைக்கிறீங்க? என் தம்பி. கொத்தனாரு அவன். கோத்தோங் ரோயோங்னு ஊரே கூடி, மத்தவங்க மண்ணு சொமந்தாங்க, அவன் ஒவ்வொரு ஞாயித்துக்கிழமையும் வந்து கல்லு வச்சுப் பூசுனான். 'என் மக கல்யாணம் இதுலதாண்ணே'ன்னு சொல்லிக்கிட்டே பூசுனான். இப்ப அவ மேடையே வேணாங்கிறா. அன்னிக்கு அவங்க அப்பான்னு சொல்லிக்க அங்க வேற என்னம்மா இருக்கு?"

மண்டபத்தை ஒரு தடவை வந்து பார்க்கிறேன் என்று மட்டும் சொன்னேன்.

பாதிப் பாதி

இப்படி இரண்டு பக்கமும் பிடிவாதமாக நிற்கும்போது நாங்கள் ஒரு வழி வைத்திருப்போம். தாலி கட்டுவது பெரியவர்கள் சொல்லும் இடத்தில், ரிசெப்ஷன் பிள்ளைகள் கேட்ட இடத்தில். பாதிப் பாதி. முக்கால்வாசிச் சண்டை இதில் அடங்கிவிடும். காலையில் கோயில் மண்டபத்தில் வேட்டி சட்டையோடு முறைத்துக்கொண்டு நின்ற மாமா, இன்னொரு நாள் புல்வெளியில் கோட்டு மாட்டிக்கொண்டு ஆடுவதை நான் எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன்.

பிரகாஷிடம் சொன்னேன். அவன் தங்கமான பையன். "எனக்குப் புல்லு முக்கியமில்ல ஆண்டி. ரிசெப்ஷன மூவார்ல வச்சிக்கிட்டா எங்க பக்கத்து ஆளுங்களுக்கும் லேசாப் போச்சு," என்றான்.

தர்ஷினியிடம் சொன்னேன். போனில் அவளுக்குப் பின்னால் பஸ் இரைச்சல் கேட்டது.

"ரெங்கத்துலயே வைங்க ஆண்டி, நான் வேணாங்கல. ஆனா அந்த மேடையில நான் ஏற மாட்டேன்."

அப்போதுதான் எனக்கு உறைத்தது. இந்தப் பெண் மூவாரைக் கேட்கவில்லை, ஆற்றைக் கேட்கவில்லை. மேடை இல்லாத ஓர் இடத்தைத் தேடிப் போனதில் மூவார் கிடைத்திருக்கிறது. ஏன் என்று கேட்டேன். நேரில் சொல்கிறேன் என்று வைத்துவிட்டாள்.

அவள் அம்மா சரோஜாவைக் கேட்டால் தெரியும் என்று, அவர் வேலை செய்யும் பள்ளிக்கூடக் கேண்டீனுக்கே போனேன். சரோஜா மீகோரேங் நூடுல்ஸைப் பொட்டலம் கட்டிக்கொண்டிருந்தார். என்னைவிட இளையவர், ஆனால் முகத்தைப் பார்த்தால் அப்படிச் சொல்ல முடியாது.

"உங்களுக்கு எங்க வைக்கணும்னு ஆசை?" என்று கேட்டேன்.

"பிள்ளைங்க ஆசைப்பட்டா சரிதாங்க்கா. மாமா சொல்றதும் சரிதான்."

கணவரின் அண்ணனை அவர் மாமா என்றுதான் கூப்பிடுவார். இந்த மாதிரிப் பதிலைக் கேட்டால் எனக்குத் தலைவலி வரும். எல்லாம் சரி என்கிறவர்களிடமிருந்து ஒன்றையும் பிடுங்க முடியாது. ஒரு பொட்டலத்தை வாங்கிக்கொண்டு திரும்பிவிட்டேன்.

தங்காக்கில் பச்சைச் சேலை

பேக்டிராப் துணியை நான் தங்காக்கில்தான் ரோலாக வாங்குவேன். அங்கே துணிக்கடைக்குப் பஞ்சமில்லை. தர்ஷினி கல்யாணச் சேலைகளை எடுக்க வேண்டும் என்றதால், அவளையும் சரோஜாவையும் வேனில் ஏற்றிக்கொண்டு போனேன். வழியெல்லாம் மூன்று பேரும் சிரித்துப் பேசிக்கொண்டுதான் போனோம்.

தனக்கு எடுத்து முடித்துவிட்டு அம்மாவுக்காகத் தர்ஷினி ஒரு பட்டைப் பிரிக்கச் சொன்னாள். கிளிப்பச்சை, அரக்குச் சிவப்புக் கரை. கடைக்காரப் பெண் சரோஜாவின் தோளில் அதைப் போட்டுக் காட்டினாள். நான் பொய் சொல்லவில்லை, அந்த அம்மாவின் முகமே மாறிப்போனது. கண்ணாடியில் ஒரு தடவை பார்த்தார். உடனே சேலையை எடுத்து மடித்து வைத்துவிட்டு, சாம்பல் நிறத்தில் கிடந்த இன்னொன்றைத் தொட்டார்.

"இது போதும்மா. நான் என்ன முன்னாலயா வந்து நிக்கப் போறேன்?"

சொல்லிவிட்டு ரவிக்கைத் துணி பார்க்க அந்தப் பக்கம் போய்விட்டார். தர்ஷினி துணி ரோல்களுக்கு நடுவில் என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனாள். அழுகையை அடக்கிக்கொண்டு பேசியதில் அவள் குரல் கரகரத்தது.

"கேட்டீங்கல்ல ஆண்டி? இதுக்குத்தான். பெரியப்பா மகன் கல்யாணம் அந்த மண்டபத்துலதான் நடந்துச்சு. ஒரு வாரம் அம்மா தூங்கல, பலகாரம் சுட்டதே அவங்கதான். போட்டோவுக்கு ஃபேமிலி எல்லாம் மேல வாங்கன்னு கூப்பிட்டாங்க. எல்லாரும் ஏறுனாங்க. ஏறும்போது ஆளாளுக்கு அவங்க ஹேண்ட்பேக்க அம்மாகிட்ட கொடுத்துட்டு ஏறுனாங்க. அம்மா படிக்கட்டு ஓரத்துல ரெண்டு கையிலயும் பேக்க மாட்டிக்கிட்டு நின்னாங்க. நான் மேல நிக்கிறேன். என் பேக்கும் அம்மா கையில இருக்கு."

அவள் மூக்கைத் துடைத்துக்கொண்டாள்.

"யாரும் வேணாம்னு சொல்லல ஆண்டி. அம்மாவே நின்னுட்டாங்க. தாலி இல்லாதவங்க மேடை ஏறக் கூடாதுன்னு அவங்களே வச்சிக்கிட்டாங்க. என் கல்யாணத்துலயும் மேடை இருந்தா ஏற மாட்டாங்க. எவ்ளோ கெஞ்சுனாலும் ஏற மாட்டாங்க. அதான், மேடையே இல்லன்னா எங்க போய்க் கீழ நிப்பாங்கன்னு பாத்தேன்."

எத்தனையோ மேடை போட்டிருக்கிறேன், பூவும் துணியும் சுற்றியிருக்கிறேன். ஒரு பெண் இப்படி யோசித்து என்னிடம் இடம் கேட்டதில்லை.

"இதை அம்மாகிட்ட சொன்னியா?" என்றேன்.

"ஐயோ அலமாக், சொல்லிடாதீங்க ஆண்டி! தனக்காகன்னு தெரிஞ்சா கிச்சன்லயே இருந்துடுவாங்க. பெரியப்பாகிட்ட வேணா சொல்லுங்க."

கடைசியில் இரண்டு சேலையையும் வாங்கினோம்.

பெரியப்பா சொன்ன பதில்

மண்டபத்தைப் பார்க்கப் போன அன்றே மாரிமுத்து அண்ணனிடம் சொல்லிவிட்டேன். அவர் மேடையின் விளிம்பைக் கையால் தடவிக் காட்டிக்கொண்டிருந்தார். நேர்த்தியான வேலைதான், ஓரத்தில் ஒரு விரிசல் இல்லை. நான் ஹேண்ட்பேக் கதையைச் சொன்னதும் கை நின்றுவிட்டது.

"யாரு அவளை ஏற வேணாம்னா?" என்று சத்தம் போட்டார். "என் வீட்டுல எவன் சொன்னான்? சொல்லுங்க, கேட்டுடுறேன்."

"யாரும் சொல்லலண்ணே. யாரும் வான்னு கூப்பிடவும் இல்ல."

மேடைப் படியில் உட்கார்ந்துவிட்டார். கோயில் பக்கமிருந்து யாரோ பாத்திரம் கழுவும் சத்தம் வந்துகொண்டிருந்தது.

"அந்த போட்டோ என் வீட்டு ஹால்லதாம்மா மாட்டியிருக்கு," என்றார். "தினமும் பாக்குறேன். அதுல அவ இல்லன்னு எனக்கு இன்னிக்கு வரைக்கும் தோணலையே."

கோபக்காரர்கள் இப்படி உடைந்தால் என்னால் தாங்க முடியாது. மேடைக்கு முன்னால், நடு மண்டபத்தில், தரையிலேயே மணவறை வைக்கலாம், மூன்று பக்கமும் நாற்காலி போடலாம், பின்னால் இருப்பவர்களுக்கு ஸ்கிரீன் வைத்துக் காட்டலாம் என்று சாக்பீஸால் தரையில் கோடு போட்டுக் காட்டினேன். அவர் எல்லாவற்றுக்கும் தலையாட்டினார்.

"கீழயே போடுங்க. மேடையில ஒரு வெளக்கு மட்டும் ஏத்தி வச்சிருங்க. என் தம்பி வேலை, இருட்டுல கெடக்கக் கூடாது."

குருக்களிடமும் பேசினேன். ஓமத்துக்கு இடமும் முதுகுக்கு ஒரு ஃபேனும் இருந்தால் தரையானாலும் தனக்குச் சரி என்றார். மணவறைக்கு அடியில் வழக்கமாகப் போடும் பலகையைக்கூட நான் போடவில்லை. சிமெண்டுத் தரையில் நேராகச் சிவப்பு கார்பெட் விரித்து, அதன்மேல் மணவறை நாற்காலிகளை வைத்தோம். எங்கிருந்து நடந்து வந்தாலும் கால் தடுக்க ஒரு படி கிடையாது. வேலை முடிந்து நின்று பார்த்தபோது, ஒரு வீட்டையே சமாதானப்படுத்திவிட்ட பெருமை எனக்கு இருந்தது.

சிவப்பு கார்பெட்

கல்யாணத்தன்று சரோஜா பச்சைச் சேலையில் வந்தார். நான் வாய்விட்டுச் சிரித்துவிட்டேன், அவ்வளவு சந்தோஷம். மாரிமுத்து அண்ணன் என்னைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டினார். பிரகாஷின் ஆட்கள் மூவாரிலிருந்து பஸ்ஸில் வந்து இறங்கினார்கள். மேடை ஏன் காலியாக இருக்கிறது என்று இரண்டொருவர் கேட்டார்கள், அதோடு சரி. நாதஸ்வரச் சத்தத்தில் அதெல்லாம் எடுபடவில்லை.

அறையில் தர்ஷினிக்குப் பூ வைத்தது மாரிமுத்து அண்ணனின் மனைவி, அவள் பெரியம்மா. சரோஜா வெளியே தாம்பூலப் பைகளை அடுக்கிக்கொண்டிருந்தார். அப்போது அதை நான் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

தாரை வார்த்துக் கொடுப்பது பெரியப்பாவும் பெரியம்மாவும் என்று முன்பே பேசியிருந்தார்கள், அது தம்பதியாகச் செய்ய வேண்டியது. அது முடிந்தது. தாலி கட்டும் நேரம் வந்தது. குருக்கள் மைக்கில், "பொண்ணு வீட்டுக்காரங்க, மாப்பிள்ளை வீட்டுக்காரங்க எல்லாரும் கிட்ட வாங்க, சுத்தி நில்லுங்க," என்றார். அட்சதைத் தட்டு எல்லாரிடமும் போனது. சொந்தங்கள் கார்பெட்டில் வந்து நெருக்கியடித்து நின்றார்கள்.

சரோஜாவும் வந்தார். கார்பெட் முடிகிற இடம்வரை வந்தார். அங்கே நின்றுவிட்டார்.

நான் பூத்தட்டை வைத்துவிட்டுப் பக்கத்தில் போய், "வாங்க சரோஜா, உள்ள வாங்க," என்றேன்.

"இங்கேருந்தே நல்லாத் தெரியுதுக்கா."

அவர் கால்விரல்கள் கார்பெட்டின் ஓரத்தைத் தொடாமல் சிமெண்டில் இருந்தன. ஒரு விரல் அகலம் விட்டு நின்றிருந்தார். ஒரு கணம் எனக்கு அந்த கார்பெட்டையே சுருட்டி வெளியே எறிய வேண்டும் போல ஆத்திரமாக வந்தது.

மாரிமுத்து அண்ணனும் பார்த்துவிட்டார். கூட்டத்தை விலக்கிக்கொண்டு திரும்பி, "சரோஜா, வாம்மா! நீ வராம என்ன?" என்று எல்லாருக்கும் கேட்கக் கூப்பிட்டார். அவர் நல்ல மனசோடுதான் கூப்பிட்டார். ஆனால் மண்டபம் மொத்தமும் திரும்பிப் பார்த்தது. சரோஜாவின் முகம் வெளுத்துப்போனது. தலையை ஆட்டிக்கொண்டே இன்னும் ஓரடி பின்னால் போனார்.

"அம்மா," என்றாள் தர்ஷினி. மணவறையிலிருந்து அவள் எழ முடியாது. கையை மட்டும் நீட்டினாள்.

"நேரம் போகுதுங்க," என்றார் குருக்கள்.

கெட்டிமேளம் கொட்டியது. பிரகாஷ் தாலியைக் கட்டினான், அவன் கண்ணும் கலங்கியிருந்தது. எல்லாரும் அட்சதை போட்டார்கள். தர்ஷினி குனிந்தபடி அழுதுகொண்டிருந்தாள். பெண் பிரிந்து போகிற அழுகை என்று மூவார்ப் பெண்கள் தங்களுக்குள் பேசிக்கொண்டார்கள்.

பின்பக்கக் குழாயடி

நான் சும்மா இருக்கிற ரகம் இல்லை. கூட்டம் பந்திக்கு நகர்ந்ததும் சரோஜாவைத் தேடிப் போனேன். மண்டபத்துக்குப் பின்னால் குழாயடியில் ஒரு கையால் முகம் கழுவிக்கொண்டிருந்தார்.

"என்ன சரோஜா இது? அந்தப் பிள்ளை எதுக்கு மேடை வேணாம்னு..." என்று ஆரம்பித்துவிட்டு நிறுத்தினேன்.

"எனக்காகத்தான்," என்றார் அவர். "தெரியும்க்கா. தங்காக்குலயே தெரியும். ரவிக்கைத் துணி பாக்கப் போனவளுக்குக் காது இல்லையா?"

"தெரிஞ்சுமா?"

"வரணும்னுதான் இருந்தேன். பச்சைச் சேலை கட்டுனேன்ல? காலையிலேருந்து எனக்கு நானே சொல்லிக்கிட்டேதான் வந்தேன். அந்த எடத்துக்கு வந்ததும் கால் போகலக்கா."

"யாரும் உங்கள ஒண்ணும் சொல்ல மாட்டாங்க."

"மத்தவங்க சொல்றது எனக்குப் பழகிப்போச்சு. தர்ஷினி அப்பா போன அன்னிக்குக் காலையில, சட்டைக்குப் பட்டன் போட்டுவிட்டு, நெத்தியில துந்நூறு வச்சு அனுப்புனேன். மத்தியானம் தூக்கிட்டு வந்தாங்க. இன்னிக்கு நான் போய் அவ பக்கத்துல நின்னு, நாளைக்கு அவளுக்கோ மாப்பிள்ளைக்கோ ஒரு காய்ச்சல் வந்தாக்கூட, நான் நின்னதாலதான்னு எனக்கே தோணும். அதோட எப்படிக்கா நான் தூங்குவேன்?"

அப்படியெல்லாம் கிடையாது என்று சொன்னேன். கடவுள் அப்படிச் செய்ய மாட்டார் என்று சொன்னேன். எனக்குத் தெரிந்ததையெல்லாம் சொன்னேன். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "நீங்க போய்ச் சாப்பிடுங்கக்கா," என்றார்.

மகள் அம்மாவைப் பக்கத்தில் வைத்துக்கொள்ள ஆசைப்பட்டாள். மகள் நன்றாக இருக்க வேண்டும் என்று அம்மா தள்ளி நின்றார். இதில் யாரை நான் திட்டுவது? அன்றைக்கு எனக்கு அழக்கூட வரவில்லை, வெறும் கோபமாக இருந்தது.

காலி மணவறை

எங்கள் தொழிலில், ஜனங்கள் சாப்பிடப் போன நேரத்தில்தான் மணவறையைப் பிரிப்போம். அன்று மாலை குளுவாங்கில் இன்னொரு ஆர்டர் இருந்தது. என் ஆட்கள் ஏணியோடு தயாராக நின்றார்கள். நான் பூக்களை எடுக்கச் சொல்லி வாயைத் திறந்தபோது, பக்கவாட்டுக் கதவு வழியாக சரோஜா உள்ளே வந்தார். மண்டபத்தில் வேறு யாரும் இல்லை. கையைக் காட்டி ஆட்களை நிறுத்தினேன்.

அவர் எங்களைப் பார்க்கவில்லை. நேராக நடந்து வந்து, கார்பெட்டின் ஓரத்தில் செருப்பைக் கழற்றினார். பிறகு உள்ளே வந்தார்.

மணவறைக்கு முன்னால் போய் நின்று, மூடியிருந்த கையைத் திறந்தார். உள்ளே அட்சதை. எல்லாரும் போட்டபோது அவர் போடாமல் வைத்திருந்திருக்கிறார், முகம் கழுவும்போதுகூட அந்தக் கையைத் திறக்கவில்லை போலிருக்கிறது. தர்ஷினி உட்கார்ந்திருந்த நாற்காலியில் கொஞ்சம் போட்டார். பிரகாஷின் நாற்காலியில் கொஞ்சம் போட்டார். ஈரக் கையில் ஒட்டிக்கொண்டதை ஒவ்வொன்றாக எடுத்துப் போட்டார். வாய் எதையோ முணுமுணுத்தது.

எனக்குப் பின்னால் வளையல் சத்தம் கேட்டது. சேலை மாற்றிக்கொண்ட தர்ஷினி, அம்மாவைச் சாப்பிடக் கூப்பிடத் தேடி வந்திருக்கிறாள். அறை வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். போய் அம்மாவைக் கட்டிக்கொள்ளட்டும் என்று நான் ஒதுங்கி வழிவிட்டேன். அவள் நகரவில்லை. நான் கூப்பிட வாயெடுத்ததும் என் முழங்கையை இறுக்கிப் பிடித்தாள்.

"கூப்பிடாதீங்க ஆண்டி," என்றாள் மெதுவாக. "கூப்பிட்டா எறங்கிடுவாங்க."

இறங்குவதற்கு அங்கே ஒரு படிகூட இல்லை. நான்தான் பார்த்துப் பார்த்துத் தரையில் போட்டேனே.

சரோஜா மகள் நாற்காலியின் கைப்பிடியில் கையை வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றார். புருஷன் கட்டிய மேடையில் விளக்கு எரிந்துகொண்டிருந்தது, அதையும் பார்த்தார். நாங்கள் எல்லாரும் அப்படியே நின்றோம். அவராகத் திரும்பி, செருப்பைப் போட்டுக்கொண்டு, பந்தி பரிமாறப் போன பிறகுதான் தர்ஷினி என் கையை விட்டாள். அவளும் முகத்தைத் துடைத்துக்கொண்டு பந்திக்குப் போனாள். அம்மாவிடம் அவள் எதையும் காட்டிக்கொள்ளவில்லை.

இந்தத் தொழிலுக்கு வரும் பிள்ளைகளுக்கு நான் சொல்வது இரண்டு விஷயம். ஒரு பிள்ளை இந்த இடம் வேண்டும், அந்த இடம் வேண்டாம் என்றால், எந்த இடம் என்பதோடு நிறுத்தாதீர்கள், யாருக்காக என்று கேளுங்கள். பெரியவர்கள் மறுத்தாலும் அதையே கேளுங்கள். பாதிச் சண்டை அதில் தீர்ந்துவிடும். மீதிப் பாதி தீராது, அது நம் கையில் இல்லை.

இன்னொன்று, மணவறையைப் பிரிக்க அவசரப்படாதீர்கள். தர்ஷினி கல்யாணத்துக்குப் பிறகு நான் எடுத்த எந்த வேலையிலும் பந்தி முடியும்வரை ஒரு பூவைக்கூட எடுக்க விட்டதில்லை. ஆட்கள் முணுமுணுப்பார்கள், அடுத்த ஆர்டருக்கு லேட்டாகிறது என்பார்கள். முதலில் போய்ச் சாப்பிட்டுவிட்டு வாங்கடா என்று துரத்திவிட்டு, நானும் வெளியே போய் உட்கார்ந்துகொள்வேன். பெரும்பாலும் யாரும் வருவதில்லை. சில கல்யாணங்களில் ஓர் அம்மா வருவார்.